‘மேடம்’ என்று அழைக்க வைத்த பெண்



இந்த ஆண்டின் நினைவுச் சொற்பொழிவில் எதைப் பற்றிப் பேசப்போகிறீர்கள் என்று அமைப்பாளர்கள் கேட்டபோது, ஒரு ஹாலிவுட் நடிகையைப் பற்றி என்றேன். தொலைபேசியின் மறுமுனையில் கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு பெயர் கேட்டார்கள், சொன்னேன். கேள்விப்பட்டதே இல்லையே என்றார்கள். அதனால்தான் பேசுகிறேன் என்றேன். அவர் பெயர் மேடம் சுல்-டே-வான்.

அதே நகரத்தில் ஒரு மாணவர்

1915 மார்ச் 3. நியூயார்க் நகரின் லிபர்ட்டி திரையரங்கில் டி. டபிள்யூ. கிரிஃபித் இயக்கிய ‘தி பர்த் ஆஃப் எ நேஷன்’ திரையிடப்படுகிறது. ‘ஒரு தேசத்தின் பிறப்பு’ என்று பொருள். மூன்று மணி நேரம் ஓடும் பேசாப் படம். நல்ல இருக்கைக்கு 2 டாலர் கட்டணம், அந்தக் காலத்துக்குப் பெரும் பணம். அதே நகரத்தில், கொலம்பியா பல்கலைக்கழகத்தில், 23 வயது மாணவர் ஒருவர் அப்போது முதுகலை படித்துக்கொண்டிருந்தார். அவர்தான் பாபாசாகேப் அம்பேத்கர்.

விடுதலை பெற்ற கறுப்பின மக்கள் நாட்டைச் சீரழிக்கிறார்கள், வெள்ளைப் பெண்களைச் சூறையாடத் துடிக்கிறார்கள், வெள்ளை முகமூடி அணிந்து குதிரையில் வரும் கு கிளக்ஸ் கிளான் கும்பல் நாட்டைக் காப்பாற்றுகிறது. இதுதான் அந்தப் படம் சொன்ன கதை. வெள்ளை மாளிகையில் குடியரசுத் தலைவர் உட்ரோ வில்சனுக்கு அது போட்டுக் காட்டப்பட்டது. அந்த ஆண்டு நவம்பரில் ஜார்ஜியா மாநிலத்தின் ஸ்டோன் மலையில் சிலுவையைக் கொளுத்திக் கிளான் மீண்டும் தொடங்கப்பட்டது. சில நாட்களில் அட்லாண்டாவில் படம் வெளியாகவிருந்தது. படம் தந்த உற்சாகத்தை அமைப்பாக மாற்றத் தெரிந்தவர்கள் அவர்கள். ஒரு சினிமா என்ன செய்யும் என்று கேட்பவர்களுக்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

அந்தப் படத்தில் முக்கியமான கறுப்பினப் பாத்திரங்கள் அனைத்தையும் வெள்ளையர்களே முகத்தில் கரி பூசிக்கொண்டு நடித்தார்கள். உண்மையான கறுப்பினத்தவர் சிறு வேடங்களிலும் கூட்டத்திலும் நிறுத்தப்பட்டார்கள். அந்தச் சிறு வேடக்காரர்களில் ஒருவர் நம் மேடம். நம் எதிரிகளுக்கு உயிர் கொடுத்த ஒரு படத்தில் கூலிக்கு நடித்தவரை நாம் எப்படி நினைவுகூர்வது? இதுதான் இன்று என் கேள்வி.

சலவைக்காரியின் மகள்

1873 மார்ச் 7 அன்று கென்டக்கி மாநிலத்தின் லூயிவில் நகரில் அவர் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் நெல்லி. அடிமை முறையை ஒழித்த பதின்மூன்றாம் சட்டத் திருத்தம் நடைமுறைக்கு வந்து அப்போது எட்டு ஆண்டுகள்கூட நிறையவில்லை. அந்தத் திருத்தத்துக்குக் கென்டக்கியின் சட்டமன்றம் ஒப்புதல் அளித்தது எப்போது தெரியுமா? 1976இல். நூறாண்டுக்கு மேல் ஆகியிருக்கிறது.

நெல்லியின் தாய் அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர், சலவைத் தொழிலாளி. தந்தை குடும்பத்தை விட்டுப் போய்விட, தாயின் வெளுப்பில்தான் வீடு நடந்தது. லூயிவிலுக்கு நாடகம் போட வரும் வெள்ளை நடிகைகளின் துணிகளை அந்த அம்மா வெளுத்துக் கொடுப்பார். துவைத்து மடித்த துணிகளை நாடக அரங்கின் பின்வாசலில் கொண்டுபோய்க் கொடுப்பது சிறுமி நெல்லியின் வேலை. முன்வாசல் வழியாகச் சீட்டு வாங்கிக்கொண்டு போக முடியாத இடத்துக்குள், மூட்டையைச் சுமந்து பின்வாசல் வழியாகப் போனார். திரைக்குப் பக்கத்தில் நின்று நாடகம் பார்த்தார். வீட்டுக்கு வந்து நடித்துக் காட்டினார்.

மூட்டை தூக்கிக்கொண்டு பின்வாசலில் நின்ற பிள்ளைகளின் கதை இந்த அரங்கில் இருப்பவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அந்தப் பின்வாசல்தான் அவருக்கு நாடகப் பள்ளி.

துணி வாங்கிக்கொண்ட நடிகைகளில் சிலர் சிறுமியின் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு நகரில் நடந்த ஓர் ஆட்டப் போட்டியில் சேர வழிசெய்தார்கள். நெல்லி முதல் பரிசு வென்றார். என்ன பரிசு தெரியுமா? பாத்திரம் கழுவும் தொட்டி ஒன்றும் ஒரு கரண்டியும். மேடையில் வென்றாலும் உன் இடம் அடுக்களை என்று சொல்லாமல் சொன்ன பரிசு அது.

மேடையிலிருந்து தெருவுக்கு

பிறகு நெல்லி சின்சினாட்டி நகருக்குப் போனார். ஆட்டக் குழுக்களில் சேர்ந்து ஊர் ஊராக நடித்தார். அன்றைய அமெரிக்காவின் பெரிய கேளிக்கை ‘மின்ஸ்ட்ரல்’ ஆட்டம். வெள்ளையர்கள் எரித்த தக்கையின் கரியை முகத்தில் பூசி, உதட்டைப் பெரிதாக வரைந்து, கறுப்பினத்தவரைப் போலப் பேசி ஆடி எள்ளி நகையாடுவார்கள். கறுப்பினக் கலைஞர்களுக்கும் பெரும்பாலும் திறந்திருந்த மேடை அதுவாகவே இருந்தது. தன் மக்களைக் கேலி செய்வதற்கென்றே உருவான ஒரு வடிவத்துக்குள் நுழைந்துதான் ஒரு கறுப்பினக் கலைஞர் தன் திறமையைக் காட்ட வேண்டும். இந்தச் சிக்கலை நெல்லி உருவாக்கவில்லை. அவர் பிறப்பதற்கு முன்பே அது அங்கே இருந்தது.

அதற்குள் நின்றுகொண்டே அவர் சொந்தமாகக் குழு ஒன்றை அமைத்தார். ‘தி பிளாக் ஃபோர் ஹண்ட்ரட்’ என்று பெயர் வைத்தார். கறுப்பு நானூறு என்று பொருள். நியூயார்க்கின் மேட்டுக்குடிக் குடும்பங்களுக்கு ‘நானூறு பேர்’ என்றொரு பட்டம் அப்போது உண்டு. அந்தப் பட்டத்தை எடுத்துக் கறுப்புக்குச் சூட்டினார். நடிகர்களுக்குச் சம்பளம் கொடுக்கும் முதலாளியாகவும் அவர் இருந்தார் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

திருமணம் செய்துகொண்டு மூன்று ஆண் குழந்தைகளோடு கலிபோர்னியாவின் ஆர்கேடியாவுக்குக் குடிபெயர்ந்தார். கடைசிக் குழந்தை பிறந்து சில வாரங்களிலேயே கணவர் விட்டுவிட்டுப் போனார். மாதக்கணக்கில் வாடகை பாக்கி. லாஸ் ஏஞ்சலஸில் ஒரு தொண்டு அமைப்பின் உதவியோடு நாட்களைத் தள்ள வேண்டி வந்தது. மேடை வாய்ப்பு தேடி ஏறி இறங்கிய இடங்களில் வேலை இல்லை. மூன்று பிள்ளைகளுக்குச் சோறு வேண்டும்.

3 டாலர், 5 டாலர், 25 டாலர்

அப்போதுதான் கிரிஃபித் படம் எடுக்கிறார் என்ற செய்தி அவர் காதுக்கு வந்தது. கிரிஃபித்தும் கென்டக்கிக்காரர். அவருடைய தந்தை, அடிமை முறையைக் காக்கப் போரிட்ட தென்மாநிலப் படையில் கர்னல். அடிமையாக இருந்தவரின் மகள், அந்தக் கர்னலின் மகனிடம் போய் வேலை கேட்டார். முதல் நாள் கூலி 3 டாலர். நடிப்பைப் பார்த்த கிரிஃபித் அதை 5 டாலராக உயர்த்தினார். இந்தப் பெண்ணுக்காகவே தனியாக ஒரு காட்சியும் எழுதினார். அதில் அவர் நல்ல உடை அணிந்த, வசதி படைத்த கறுப்பினப் பெண். வெளியான படத்தில் அந்தக் காட்சி இல்லை. வேறு சில சிறு வேடங்களில் அவர் வந்துபோகிறார்.

படம் முடிந்த பிறகும் கிரிஃபித் அவரைச் சம்பளப் பட்டியலில் வைத்துக்கொண்டார். வாரம் 25 டாலர். ஹாலிவுட்டில் ஒப்பந்தம் பெற்ற முதல் கறுப்பின நடிகர் என்று திரைப்பட வரலாற்றாசிரியர்கள் இவரைக் குறிப்பிடுவது இதனால்தான்.

படம் லாஸ் ஏஞ்சலஸில் 1915 பிப்ரவரி 8 அன்று ‘தி கிளான்ஸ்மேன்’ என்ற பெயரில் முதலில் வெளியானது. 1909இல் தொடங்கப்பட்ட கறுப்பின மக்கள் முன்னேற்றத்துக்கான தேசியச் சங்கத்தின் உள்ளூர்க் கிளை, படத்தை நிறுத்தக் கோரி நகராட்சியிடமும் நீதிமன்றத்திடமும் போனது. நிறுத்த முடியவில்லை. பாஸ்டனில் பத்திரிகையாளர் வில்லியம் மன்றோ டிராட்டர் தலைமையில் மக்கள் தெருவில் இறங்கினார்கள். நாடெங்கும் எதிர்ப்பு.

எதிர்ப்பு கிளம்பியதும் படக் கம்பெனி மேடத்தை வேலையிலிருந்து நீக்கியது. இரண்டு குற்றச்சாட்டுகள். ஒன்று, ஒரு வெள்ளை நடிகையின் புத்தகத்தைத் திருடிவிட்டார். இரண்டு, படத்துக்கு எதிராகக் கறுப்பின மக்களைத் தூண்டிவிட்டார்.

தோழர்களே, இந்த இரண்டையும் கவனியுங்கள். திருட்டு, தூண்டிவிடுதல். நம்மில் ஒருவர் வேலைசெய்யும் இடத்தில் நிமிர்ந்து நின்றால் வரும் குற்றச்சாட்டுகள் எப்போதும் இவைதானே! திருட்டுப் பட்டம் ஒருவரின் ஒழுக்கத்தைக் கெடுக்கும். தூண்டிவிட்டார் என்ற பட்டம் ஒரு மக்கள்கூட்டத்தின் அறிவையே மறுக்கும். அவர்களாகவே கோபப்படத் தெரியாதவர்கள், யாரோ ஏவிவிட்டுத்தான் வந்திருக்கிறார்கள் என்பது அதன் உட்பொருள்.

மேடம் அழுதுகொண்டு வீட்டுக்குப் போகவில்லை. எட்வர்ட் பர்ட்டன் செருட்டி என்ற வழக்கறிஞரிடம் போனார். கறுப்பினத்தவர், தேசியச் சங்கத்தின் வழக்குகளை லாஸ் ஏஞ்சலஸில் நடத்தியவர். அவர் கம்பெனிக்கு எழுதிக் கேட்டார். கம்பெனி பின்வாங்கியது. மேடம் மீண்டும் வேலையில் சேர்ந்தார். படத்தை எதிர்த்த இயக்கத்தின் வழக்கறிஞரே, அந்தப் படத்தில் நடித்தவரின் வேலையை மீட்டுக் கொடுத்தார். படத்தின் மீதான கோபமும் ஒரு தொழிலாளிப் பெண்ணின் உரிமையும் ஒன்றோடொன்று மோத வேண்டியதில்லை என்று அந்த இயக்கம் புரிந்துவைத்திருந்தது. நம் இயக்கங்களில் நாம் பலமுறை தவறவிட்ட புரிதல் இது.

இரண்டு நினைவுகள்

சமூகவியல் படித்தபோது எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த பாடம் ஒன்று: ஒரு நிகழ்வை யார் சொல்கிறார் என்று முதலில் கேள். மேடம் கிரிஃபித்தின் ஸ்டூடியோவுக்குள் எப்படி வந்தார் என்பதற்கு இரண்டு சாட்சியங்கள் இருக்கின்றன.

ஒன்று, அந்தப் படத்தின் கதாநாயகி லில்லியன் கிஷ் 1969இல் வெளியிட்ட நினைவு நூல். நடிகைகளின் ஒப்பனை அறைகளைச் சுத்தம் செய்யத்தான் மேடம் முதலில் சேர்க்கப்பட்டார் என்கிறார் கிஷ். அன்றைக்குக் கலிபோர்னியாவில் கறுப்பின நடிகர்களே இல்லாத அளவுக்குக் குறைவு என்றும் சொல்கிறார். அன்போடுதான் எழுதுகிறார். இருந்தாலும் அவர் நினைவில் மேடம் துடைப்பத்தோடுதான் நுழைகிறார்.

மற்றது, டெலைலா பீஸ்லி என்ற கறுப்பினப் பெண் பத்திரிகையாளர் 1919இல் வெளியிட்ட நூல். கலிபோர்னியாவின் கறுப்பின முன்னோடிகளைப் பற்றிப் பல ஆண்டுகள் அலைந்து திரிந்து தகவல் சேர்த்தவர் பீஸ்லி. சலவை மூட்டை, பின்வாசல், பரிசாக வந்த தொட்டி, குழு நடத்தியது, கணவர் விட்டுப்போனது, திருட்டுக் குற்றச்சாட்டு, வழக்கறிஞரிடம் போனது எல்லாவற்றுக்கும் அந்த நூலே முதன்மையான ஆதாரம். பீஸ்லி எழுதும் மேடம், பல ஆண்டு மேடை அனுபவத்தோடு நடிப்பு வேலை கேட்டு வருகிறார்.

ஒரே பெண், ஒரே ஸ்டூடியோ வாசல். வெள்ளை நட்சத்திரத்துக்கு அவர் வேலைக்காரி, கறுப்பின வரலாற்றாளருக்கு அவர் கலைஞர். பீஸ்லி எழுதாமல் போயிருந்தால் நமக்கு மிஞ்சியிருப்பது துடைப்பம் மட்டும்தான்.

கிஷ் இன்னொன்றையும் பதிவுசெய்கிறார். கிரிஃபித் மீது மேடத்துக்கு ஆழ்ந்த பற்று, கிரிஃபித்துக்கும் அவர் மீது அன்பு, கஷ்டகாலத்தில் பிள்ளைகளுக்காகப் பணம் அனுப்பினார் என்கிறார். 1948இல் கிரிஃபித் இறந்தபோது அருகில் இருந்த மிகச் சில நண்பர்களில் மேடமும் ஒருவர். இதை மறைத்துவிட்டு ஒரு போராளியின் படத்தை மட்டும் உங்களுக்கு வரைந்து காட்ட எனக்கு விருப்பமில்லை. பிள்ளைகளின் பசியை ஆற்றிய கைக்கு அவர் நன்றி பாராட்டினார். அந்தக் கைதான் கிளானுக்கும் உயிர் கொடுத்தது. ஒடுக்குகிறவர் தனிமனிதராக நல்லவராக இருப்பது ஒடுக்குமுறைக்கு எதிரான சான்று ஆகாது. சாதியச் சமூகத்தில் வளர்ந்த நமக்கு இது தெரியும். ‘அந்த ஐயா எங்களுக்கு எவ்வளவோ செஞ்சாரு’ என்று சொல்லும் நம் பெரியவர்களை நாம் துரோகிகள் என்பதில்லை. அந்த நன்றியை விலையாகக் கொடுக்க வைத்த அமைப்பைத்தான் கேள்வி கேட்கிறோம்.

அந்தப் பெயர்

இப்போது பெயருக்கு வருகிறேன். நெல்லி எப்படி மேடம் சுல்-டே-வான் ஆனார்? அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று எங்களுக்குக் கடைசிவரை தெரியவில்லை என்கிறார் கிஷ். அவர் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

அன்றைய அமெரிக்காவின் தென்மாநிலங்களில் கறுப்பினத்தவரை வெள்ளையர் திரு, திருமதி சேர்த்து அழைக்க மாட்டார்கள். எவ்வளவு வயதானாலும் ஆணுக்கு ‘பையா’, பெண்ணுக்கு வெறும் பெயர் அல்லது ‘ஆன்ட்டி’. நம் ஊரில் ‘வா, போ’ என்பது எதுவோ அதுதான் அங்கே ‘ஆன்ட்டி’. இந்தச் சூழலில் ஒருவர் தன் பெயரின் முதல் சொல்லாகவே ‘மேடம்’ என்பதை வைத்துக்கொள்கிறார். இனி அவரைக் கூப்பிட வேண்டுமென்றால் இயக்குநரும் கதாநாயகியும் கணக்குப்பிள்ளையும் ‘மேடம்’ என்றுதான் கூப்பிட்டாக வேண்டும். வேலைக்காரி வேடம் போட்டிருந்தாலும் மேடம்தான்.

என் ஆயாவுக்கு எழுபது வயதிருக்கும். ஆண்டை வீட்டு ஏழு வயதுப் பையன் தெரு முனையில் நின்று அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டான். ‘இதோ வரேன் சாமி’ என்று ஆயா ஓடினார். பக்கத்தில் நின்ற எனக்குப் பத்து வயது. வீட்டுக்கு வந்து ‘அவன் ஏன் உன்னைப் பேர் சொல்லிக் கூப்பிடறான்?’ என்று கேட்டேன். ‘பேருன்னு ஒண்ணு கூப்பிடத்தானே வச்சிருக்கு’ என்றார். அந்தப் பதில் இன்றுவரை என்னை விட்டுப் போகவில்லை. மேடத்தின் பெயரை முதன்முதலில் படித்தபோது எனக்கு நினைவில் வந்தது ஆயாவின் அந்தத் தெரு முனைதான்.

பெயர் இல்லாத வேடங்கள்

அடுத்த நாற்பது ஆண்டுகள் அவர் நடித்துக்கொண்டே இருந்தார். 1916இல் கிரிஃபித்தின் ‘இன்டாலரன்ஸ்’, 1927இல் ‘அங்கிள் டாம்ஸ் கேபின்’, 1933இல் ‘கிங் காங்’. அதில் தீவின் பழங்குடிப் பெண்களில் ஒருவர். அதே ஆண்டு பார்பரா ஸ்டான்விக் நடித்த ஒரு சிறைச்சாலைப் படத்தில் கைதி. சமையல்காரி, பணிப்பெண், சூனியக்காரி என்று வேடங்கள் மாறி மாறி வந்தன. பல படங்களில் பெயர்ப் பட்டியலில் அவர் பெயரே இல்லை. யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட விடாதவருக்குத் திரையில் பெயரே போடாமல் விட்டார்கள்.

1937இல் வெளிவந்த ‘மெய்ட் ஆஃப் சேலம்’ படத்தில் அவருக்கு டிடுபா வேடம். 1692இல் சேலம் கிராமத்தில் சூனியக்காரி என்று முதலில் குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஒருவர் டிடுபா. ஒரு பாதிரியார் வீட்டு அடிமை. ஊரில் எது நடந்தாலும் பழி முதலில் அடிமைப் பெண்ணின் மேல்தான் விழும் என்பதை, திருட்டுப் பட்டம் சுமந்த மேடத்துக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்கத் தேவையில்லை.

அவருக்கு இருபது ஆண்டு இளையவரான ஹாட்டி மெக்டேனியல் 1940இல் ஆஸ்கர் விருது பெற்ற முதல் கறுப்பினத்தவர் ஆனார். அந்த விழாவில் அவரைத் தனி மேசையில் உட்காரவைத்தார்கள். வேலைக்காரி வேடங்களை ஒழிக்க வேண்டும் என்று தேசியச் சங்கத்தின் வால்டர் வைட் 1942இல் ஹாலிவுட்டுக்கு வந்து வாதாடினார். கோரிக்கை நியாயமானது. ஆனால் அந்த வேடங்களை நம்பித்தான் பல கறுப்பின நடிகைகளின் வீட்டில் அடுப்பு எரிந்தது. இழிவான வேலையை ஒழிக்கும்போது அந்த வேலையைச் செய்தவரின் சோற்றுக்கு என்ன வழி? பறை, மலம் அள்ளுதல், சாவுச் சேதி சொல்லுதல் என்று நாமும் இதே கேள்வியைச் சந்தித்திருக்கிறோம். வேலையை வெறுத்து, செய்தவரையும் சேர்த்து வெறுத்த தவறு நமக்கும் புதிதல்ல.

1953இல் ஹாலிவுட்டில் அவருக்கு ஒரு பாராட்டு விருந்து நடந்தது. கிரிஃபித் காலத்து வெள்ளை நடிகர்களும் லூயிஸ் பீவர்ஸ், ரெக்ஸ் இங்ரம் போன்ற கறுப்பினக் கலைஞர்களும் வந்திருந்தார்கள். 1954இல் ஓட்டோ பிரெமிங்கரின் ‘கார்மென் ஜோன்ஸ்’ படத்தில் டோரதி டான்ட்ரிட்ஜின் பாட்டியாக நடித்தார். நடித்தவர்கள் அனைவரும் கறுப்பினத்தவராகக் கொண்ட படம் அது. வெள்ளையர் கரி பூசி நடித்த படத்தில் தொடங்கியவர், 81ஆவது வயதில் அதைப் பார்த்துவிட்டார். 1959 பிப்ரவரி 1 அன்று, திரைத் தொழிலாளர்களுக்கான முதியோர் இல்லத்தில், 85 வயதில் இறந்தார். 1986இல் கறுப்பினத் திரைக் கலைஞர்களுக்கான புகழ்க்கூடத்தில் அவர் பெயர் சேர்க்கப்பட்டது.

எழுதி வையுங்கள்

1915இல் அந்தப் படத்தை எதிர்த்த தேசியச் சங்கத்தின் இதழாசிரியர் டபிள்யூ. இ. பி. டூபாய்ஸ். 1946இல் அம்பேத்கர் அவருக்குக் கடிதம் எழுதினார். கறுப்பின மக்கள் ஐக்கிய நாடுகள் சபைக்குக் கொடுத்த மனுவின் படிகளை அனுப்பக் கேட்டார். டூபாய்ஸ் பதில் எழுதினார். அவர்களின் போராட்டத்தைப் படிக்க வேண்டும் என்பது அம்பேத்கர் நமக்கு விட்டுச் சென்ற பழக்கம். தலைவர்களின் கடிதங்களை நாம் படிக்கிறோம். சலவைக்காரியின் மகளையும் படிக்க வேண்டும் என்பதற்காகத்தான் இன்று அவரை இங்கே கொண்டுவந்தேன்.

நம் பி.கே. ரோசி உங்கள் நினைவுக்கு வந்திருப்பார். ‘விகதகுமாரன்’ படத்தில் நாயர் பெண்ணாக நடித்ததற்காகத் திருவனந்தபுரத்திலிருந்து விரட்டப்பட்டவர்.  மேடத்துக்கு ஒரு பீஸ்லி இருந்தார். ரோசிக்கு இல்லை.

ஆய்வுப் படிப்புக்காக நான் வினாப்பட்டியலைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போயிருக்கிறேன். எத்தனையோ பேரிடம் எத்தனையோ கேள்விகள் கேட்டிருக்கிறேன். என் ஆயாவிடம் ஒரு நாளும் உட்கார்ந்து கேட்டு எழுதவில்லை. இப்போது கேட்க அவர் இல்லை.

இந்த அரங்கிலிருந்து வீட்டுக்குப் போனதும் ஒரு நோட்டை எடுங்கள். வீட்டில் இருக்கும் மூத்த பெண்ணிடம் உட்காருங்கள். எந்த வாசல் வழியாகப் போனாய், என்ன கூலி கொடுத்தார்கள், யார் எப்படிக் கூப்பிட்டார்கள், உனக்கு எப்படிக் கூப்பிட்டால் பிடிக்கும் என்று கேளுங்கள். அவர் சொல்வதை அவர் சொல்லும் சொல்லிலேயே எழுதுங்கள். யாருக்காவது நன்றி சொன்னால் அதையும் எழுதுங்கள், அடிக்காமல், திருத்தாமல்.